வெரா மைல்ஸ் தோற்றுப்போன நடிகையா?

கேள்வி: மேடம், நான் முதுகலை காட்சித் தொடர்பியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ஆய்வேட்டுக்காக 1950, 60களில் டிவியிலும் சினிமாவிலும் நடித்த அமெரிக்க நடிகை வெரா மைல்ஸை எடுத்துக்கொண்டேன். ‘சைக்கோ’ படத்தில் காணாமல் போன அக்காவைத் தேடிவரும் லைலாவாக நடித்தவர். தலைப்பைச் சொன்னதும் என் வழிகாட்டி ஆசிரியர், “கர்ப்பமானதால் ‘வெர்டிகோ’ வாய்ப்பு கைநழுவிப் போனது, அப்புறம் டிவியில் கெஸ்ட் ரோல்தான், பெரிய நட்சத்திரமாக வரவே இல்லை. இதில் ஆய்வு செய்ய என்ன இருக்கிறது? கிம் நோவாக்கையோ கிரேஸ் கெல்லியையோ எடு” என்கிறார். இணையத்தில் தேடினாலும் இதே கதைதான் திரும்பத் திரும்ப வருகிறது. தலைப்பை மாற்றிவிடட்டுமா? மாற்ற வேண்டாம் என்றால் எங்கிருந்து தொடங்குவது?
(பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்.)

பதில்:

மாற்றாதீர்கள். முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன், மற்றதை அப்புறம் பேசுவோம்.

உங்கள் ஆசிரியர் சொன்ன ‘வெர்டிகோ’ கதையில் தகவல் பிழை எதுவும் இல்லை. அது வெராவுக்காகத் தயாரான படம்தான், கர்ப்பமானதும் உண்மை, கிம் நோவாக் அந்த இடத்துக்கு வந்ததும் உண்மை. ஆனால் இந்தக் கதையை முதலில் சொன்னது யார், யாருடைய பக்கம் நின்று சொன்னார் என்று ஒருவரும் கேட்பதில்லை. இருபது வருடத்துக்கும் மேலாகத் திரைப்பட வரலாறு பாடம் எடுத்திருக்கிறேன். வகுப்பில் வெரா மைல்ஸ் பெயர் வரும்போதெல்லாம் யாராவது ஒரு மாணவர் இந்தக் கதையைத்தான் சொல்வார். அவர் நடித்த ஒரு காட்சியைச் சொல்லுங்கள் என்று திருப்பிக் கேட்டால் வகுப்பே அமைதியாகிவிடும். நடிக்காத ஒரு படத்தால் நினைவில் இருக்கிறார், நடித்த நூற்றுக்கும் மேற்பட்ட வேடங்களால் இல்லை. உங்கள் ஆய்வேடு தொட வேண்டிய இடம் இதுதான் என்று நினைக்கிறேன்.

சரி, அந்தக் கதையையே முதலில் எடுத்துக்கொள்வோம், ஏனென்றால் தேர்வுக் குழுவில் முதல் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும். 1950களின் நடுவில், ‘வெர்டிகோ’வையும் ‘சைக்கோ’வையும் இயக்கிய ஹிட்ச்காக் அவரை ஒரு டிவி நாடகத்தில் பார்த்துவிட்டு ஐந்தாண்டு தனி ஒப்பந்தம் போட்டார். அவர் படங்களின் கதாநாயகி கிரேஸ் கெல்லி 1956-ல் மொனாக்கோ இளவரசரைக் கல்யாணம் செய்துகொண்டு நடிப்பை விட்டுப் போய்விட்டதால் அந்த இடத்தில் இன்னொருவரை உருவாக்கிவிட வேண்டும் என்று ஹிட்ச்காக்குக்கு ஆசை இருந்தது, உடையலங்காரத்துக்கு எடித் ஹெட்டை வைத்து வெராவின் தோற்றத்தையே மாற்றி அமைக்கப் பார்த்தார். ‘வெர்டிகோ’வுக்கான உடைச் சோதனை வரை முடிந்துவிட்டது. நடுவில் ஹிட்ச்காக்குக்கே உடம்பு சரியில்லாமல் போய், அறுவை சிகிச்சை, ஓய்வு என்று படப்பிடிப்பு தள்ளிப்போனது. அந்த இடைவெளியில்தான் வெரா கர்ப்பமானார். ஆக, தாமதத்துக்கு முதல் காரணம் இயக்குநரின் உடல்நிலை. இதைச் சொல்லாமல் நடிகையின் கர்ப்பத்தை மட்டும் சொல்கிறவர்கள்தான் அதிகம்.

அதற்குப் பிறகு பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோவுடன் நடந்த நீண்ட உரையாடலில் ஹிட்ச்காக் இதைப் பற்றிப் பேசினார்: அவரை நட்சத்திரமாக்கியிருக்கக்கூடிய வேடத்துக்குச் சற்று முன்னால் கர்ப்பமாகிவிட்டார், அதன் பிறகு எனக்கு ஆர்வம் போய்விட்டது என்கிற பொருளில். இதைச் சொன்னவர் ஒப்பந்தம் போட்ட முதலாளி. தன்னிடம் சம்பளம் வாங்கும் ஒரு பெண் தன் குடும்பத்தில் இன்னொரு குழந்தையைப் பெற்றுக்கொண்டது முதலாளிக்கு ஏமாற்றமாகப் பட்டது, அந்த ஏமாற்றம்தான் அறுபது வருடமாக அந்தப் பெண்ணின் வாழ்க்கை வரலாறாகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. எனக்கு இது மனசுக்கு ஒப்பவே இல்லை. ஆய்வேட்டில் இந்தக் கதை வரும் ஒவ்வொரு இடத்திலும், யார் சொன்னது, எப்போது சொன்னது என்று சேர்த்து எழுதுங்கள். அது ஒன்றே பாதி வேலையைச் செய்துவிடும்.

இன்னொன்று. ‘வெர்டிகோ’ 1958-ல் வந்தபோது அதை யாரும் காவியம் என்று கொண்டாடவில்லை. விமர்சனங்கள் இரண்டு விதமாகவும் வந்தன, வசூலும் ஹிட்ச்காக்கின் முந்தைய வெற்றிகளுக்குப் பக்கத்தில் வரவில்லை. பிற்பாடு பல வருடம் அந்தப் படம் திரையிலேயே கிடைக்காமல் இருந்து, 1983-ல்தான் திரும்ப வெளிவந்தது. எக்காலத்திலும் சிறந்த படம் எது என்று ‘சைட் அண்ட் சவுண்ட்’ பத்திரிகை நடத்தும் வாக்கெடுப்பில் அது முதலிடம் பிடித்தது 2012-ல். அந்த 2012-ன் மதிப்பை எடுத்துக்கொண்டு போய் 1957-ல் ஒரு நடிகை எதை இழந்தார் என்று கணக்குப் போடுகிறோம். அன்று அவர் இழந்தது ஒரு படம். ‘வெர்டிகோ’வின் கதாநாயகன் ஜேம்ஸ் ஸ்டீவர்ட்டோடு நடிக்கும் வாய்ப்பு என்று பார்த்தால் அதுகூடப் போய்விடவில்லை, 1959-ல் வந்த ‘தி எஃப்.பி.ஐ. ஸ்டோரி’யில் ஸ்டீவர்ட்டின் மனைவியாக நடித்தவர் வெராதான், 1962-ல் இயக்குநர் ஜான் ஃபோர்டின் படத்தில் மறுபடியும் அவருக்கே ஜோடி. இடைப்பட்ட வருடங்களில் பாப் ஹோப்புடன், ஜேம்ஸ் மேசனுடன், சூசன் ஹேவர்டுடன் படங்கள். 1960-ல் ‘சைக்கோ’. ஒப்பந்தம் போட்டவரின் ஆர்வம் போனதால் தொழில் நின்றுபோன ஒருவரின் பட்டியலா இது?

அவர் எங்கிருந்து வந்தார் என்பதைச் சுருக்கமாக எழுதினால் போதும். 1929-ல் ஓக்லஹோமா மாநிலத்தின் பாய்ஸ் சிட்டியில் பிறப்பு, வளர்ந்தது கன்சாஸில், 1948-ல் மிஸ் கன்சாஸ். பிறந்த பெயர் வெரா ரால்ஸ்டன். அதே பெயரில் செக்கோஸ்லோவாக்கியாவிலிருந்து வந்த பனிச்சறுக்கு வீராங்கனை ஒருவர் ஏற்கனவே ரிபப்ளிக் பட நிறுவனத்தின் கதாநாயகியாக இருந்ததால் முதல் கணவரின் குடும்பப் பெயரான மைல்ஸை வைத்துக்கொண்டார். இரண்டு பெண் குழந்தைகளுக்கு அம்மாவாக இருந்துகொண்டேதான் ஆரம்பகாலச் சின்னச் சின்ன வேடங்களில் நடித்தார், பிறகு இரண்டு மகன்கள் பிறந்தார்கள். ஆக, தாய்மை அவர் தொழிலுக்குள் 1957-ல் திடீரென்று வந்து குறுக்கே நின்றது போலச் சொல்வது சரியில்லை. அது முதலிலிருந்தே கூட இருந்தது, அதோடுதான் நாற்பது வருடத்துக்கும் மேல் நடித்தார்.

இப்போது உங்கள் ஆசிரியரின் இரண்டாவது வார்த்தைக்கு வருகிறேன், “டிவியில் கெஸ்ட் ரோல்தான்.” நான் விரிவாகப் பேச நினைப்பது இதைப் பற்றித்தான், ஏனென்றால் நமக்கு அந்தச் சொல்லே வேறு அர்த்தத்தில் காதில் விழுகிறது. கெஸ்ட் ரோல் என்றால் நமக்குக் கௌரவத் தோற்றம், ஒரு பெரிய நடிகர் இரண்டு நிமிடம் வந்து, கைதட்டல் வாங்கிக்கொண்டு போவது. 1950, 60களின் அமெரிக்க டிவியில் கெஸ்ட் ஸ்டார் என்பது அதற்கு நேர் எதிர்.

அந்தக் காலத் தொடர்கள் எப்படி ஓடின என்று யோசித்துப் பாருங்கள். இன்றைய மெகாசீரியல் போல ஒரே கதை நாள்தோறும் நீளவில்லை. வாரம் ஒரு கதை, அந்த வாரத்தோடு முடிந்துவிடும். கதாநாயகன் மட்டும் எல்லா வாரமும் வருவான். அடுத்த வாரமும் வந்தாக வேண்டும் என்பதால் அவன் சாக முடியாது, பைத்தியமாக முடியாது, கல்யாணம் செய்துகொள்ள முடியாது, பெரிய தப்பு ஒன்றைச் செய்துவிட்டு மாறிப்போக முடியாது. அப்படியென்றால் ஒரு கதையில் நடக்க வேண்டிய மாற்றமெல்லாம் யாருக்கு நடக்கும்? அந்த வாரம் மட்டும் வருகிறவருக்கு. காதலிப்பது, ஏமாறுவது, கொலை செய்வது, உடைந்துபோவது எல்லாமே கெஸ்ட் ஸ்டாரின் தோளில். அரைமணி நேரக் கதையை மூன்று நாளில், ஒருமணி நேரக் கதையை ஆறேழு நாளில் எடுத்து முடிப்பார்கள். திங்கட்கிழமை வந்து ஆடை போட்டு, முன்பின் பார்த்திராத நடிகர்களோடு நின்று, வார இறுதிக்குள் ஒரு முழு மனுஷியை உண்டாக்கிக் கொடுத்துவிட்டு அடுத்த செட்டுக்குப் போக வேண்டும். இதற்கு என்ன திறமை வேண்டும் என்று உங்கள் ஆய்வேட்டில் ஒரு அத்தியாயமே எழுதலாம்.

‘தி ஃப்யூஜிட்டிவ்’ தொடரின் முதல் பகுதியைப் பாருங்கள், 1963 செப்டம்பரில் ஒளிபரப்பானது. செய்யாத கொலைக்காகத் தேடப்படும் டாக்டர் கிம்பிளாக டேவிட் ஜான்சன் நான்கு வருடம் ஓடப்போகிறார், அதனால் அவர் அந்த முதல் கதையில் அமைதியாகத்தான் இருக்க முடியும். அரிசோனாவின் டூசானில் ஒரு மதுக்கூடத்தில் பியானோ வாசிக்கும் பெண்ணாக வெரா வருகிறார், அடிக்கும் கணவனிடமிருந்து தப்பி வந்தவள். பயமும் ஆசையும் அவள் பக்கம்தான். ஒரு புதுத் தொடர், பார்க்கிறவர்களுக்கு யாரையும் தெரியாது, அந்த நேரத்தில் கதையைத் தாங்கிப் பிடிக்க நம்பகமான ஒருவர் வேண்டும். தயாரிப்பாளர்கள் இவரைக் கூப்பிட்டார்கள். ஹிட்ச்காக்கும் தன் டிவி தொடரின் முதல் ஒளிபரப்புக்கு, 1955 அக்டோபர் 2 அன்று, இவர் நடித்த ‘ரிவெஞ்ச்’ கதையைத்தான் வைத்தார். ஒரு தொடரின் முதல் நாளை யாரை நம்பி ஒப்படைக்கிறார்கள் என்பதைவிடப் பெரிய நற்சான்றிதழ் அந்தத் தொழிலில் கிடையாது.

டிவி ஏன் அப்படி இத்தனை நடிகர்களை இழுத்தது என்ற பின்னணியும் ஒரு பத்தி வேண்டும். 1948-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் பாரமவுண்ட் தீர்ப்பு வந்து ஸ்டுடியோக்கள் தங்கள் தியேட்டர்களை விற்க வேண்டியதாயிற்று, நடிகர்களை மாதச் சம்பளத்தில் வைத்துக்கொள்ளும் பழைய முறை சரிந்தது. 1950-ல் அமெரிக்காவில் நூற்றுக்கு 9 வீடுகளில்தான் டிவி இருந்தது, 1960-ல் கிட்டத்தட்ட 90 வீடுகளில். ஒரு தொடருக்கு வருடத்துக்கு 39 பகுதிகள்கூட எடுத்தார்கள், அவ்வளவு பகுதிகளுக்கும் நடிகர்கள் வேண்டும். ஆக டிவிக்குப் போனது கீழே இறங்கியது ஆகாது, வேலை அங்கேதான் இருந்தது. இன்னும் சொல்லப்போனால் ‘சைக்கோ’வே டிவி ஆட்கள் எடுத்த படம். ஹிட்ச்காக் தன் டிவி தொடரின் படப்பிடிப்புக் குழுவை, ஒளிப்பதிவாளர் ஜான் ரஸ்ஸல் உட்பட, அப்படியே கூட்டிக்கொண்டு ரெவ்யூ டிவி நிறுவனத்தின் வளாகத்தில், சுமார் 8 லட்சம் டாலரில் எடுத்து முடித்தார். டிவி வேறு, சினிமா வேறு என்று நடுவில் கோடு போட்டு ஆய்வேட்டை இரண்டு பாகமாகப் பிரித்துவிடாதீர்கள். வருட வரிசையில் இரண்டையும் கலந்து எழுதுங்கள்.

அப்படி எழுதினால் என்ன கிடைக்கும் என்பதற்கு ஒரு உதாரணம் தருகிறேன், இது வகுப்புக்காகப் படங்களைத் திரும்பத் திரும்பப் போட்டபோது என் கண்ணில் பட்டது. மூன்று கண்ணாடிகள்.

முதல் கண்ணாடி 1956-ல், ‘தி ராங் மேன்’. நியூயார்க்கின் ஸ்டார்க் கிளப்பில் பாஸ் வாசித்த மேனி பலெஸ்ட்ரெரோ என்ற இசைக்கலைஞர் 1953-ல் செய்யாத திருட்டுக்காகக் கைதான உண்மைச் சம்பவம். ஹென்றி ஃபோண்டா கணவர், வெரா மனைவி ரோஸ். ரோஸின் பல்வலிக்குப் பணம் புரட்டத்தான் அவர் காப்பீட்டு அலுவலகத்துக்குப் போகிறார், அங்கேதான் தவறாக அடையாளம் காட்டப்படுகிறார். என் பல்லால்தானே வந்தது என்ற குற்றவுணர்ச்சி ரோஸை உள்ளே அரித்து, அவள் மனம் கலங்கும் இடத்தில் தலைவாரும் பிரஷால் கணவனை அடிக்கிறாள், கண்ணாடி விரிகிறது, அதில் கணவனின் முகம் கோணலாகத் தெரிகிறது. எல்லாரும் அந்தப் பிளந்த முகத்தைப் பற்றி எழுதுவார்கள். நீங்கள் அதற்கு முன்னால் வெராவின் குரலைக் கேளுங்கள். அழுகை இல்லை, கத்தல் இல்லை, சமையல் செலவு பற்றிப் பேசுவது போன்ற சாதாரணக் குரலில் புத்தி கலங்குகிறது. என் கணிப்பில் ஹிட்ச்காக் படங்களில் ஒரு நடிகை செய்த மிகச் சிறந்த நடிப்புகளில் இது ஒன்று. கடைசியில் உண்மையான திருடன் பிடிபட்ட செய்தியைக் கணவர் மருத்துவமனைக்கு வந்து சொல்லும்போது அவள் முகத்தில் ஒன்றுமே நடப்பதில்லை. அந்த ஒன்றுமில்லாததைச் செய்வது எவ்வளவு கஷ்டம் என்று நாடகத்தில் நடித்தவர்களைக் கேட்டால் சொல்வார்கள்.

இரண்டாவது கண்ணாடி 1960 பிப்ரவரி 26, ‘ட்விலைட் ஸோன்’ தொடரின் ‘மிரர் இமேஜ்’. ராத்திரி நேரம், ஒரு பஸ் நிலையம், பஸ்ஸுக்குக் காத்திருக்கும் மில்லிசென்ட் பார்ன்ஸ் என்ற பெண். கழிப்பறைக் கண்ணாடியைப் பார்க்கிறாள், திறந்த கதவு வழியாக வெளியே பெஞ்சில் அவளே உட்கார்ந்திருப்பது தெரிகிறது. மூன்றாவது அதே வருடம் ஜூனில் வெளியான ‘சைக்கோ’. மேலே வீட்டில் அந்த அம்மாவின் அறைக்குள் லைலா போகிறாள், பின்னால் யாரோ நிற்பதாகத் திடுக்கிட்டுத் திரும்பினால் எதிரெதிர் கண்ணாடிகளில் தெரியும் அவளுடைய உருவமே. மூன்று வெவ்வேறு தயாரிப்புகள், அதில் இரண்டு சினிமா, ஒன்று டிவி. மூன்றிலும் தான் பார்ப்பதை நம்பலாமா என்று தெரியாத ஒரு பெண்ணுக்கு இவர்தான் முகம் கொடுக்கிறார். சினிமாவை மட்டும் பார்க்கிறவருக்கு நடுக் கண்ணாடி தெரியாது, அப்போது மற்ற இரண்டும் ஹிட்ச்காக்கின் கைவரிசையாக மட்டும் தோன்றும். டிவியையும் சேர்த்துப் பார்த்தால்தான் அது நடிகையின் பலமாகத் தெரிகிறது.

‘சைக்கோ’வில் குளியலறைக் காட்சியை ஆயிரம் பேர் அலசிவிட்டார்கள். நீங்கள் லைலா அந்த வீட்டுக்குள் ஏறிப்போவதிலிருந்து நிலவறை வரை உள்ள பகுதியை ஒருமுறை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள், ஏறக்குறைய வசனமே இல்லாத பகுதிதான். படுக்கையில் உடம்பு பதிந்த பள்ளத்தை அவர் பார்க்கும் பார்வையில் பயத்தைவிட ஆர்வம் கூடுதலாக இருக்கிறது. அக்காவைக் கண்டுபிடிக்க வந்தவள், பயந்தால் வேலை நடக்காது. இன்னொரு சின்ன விஷயம், அந்தப் படம் முழுக்க அவர் தலையில் இருப்பது விக். அதற்குச் சற்று முன்பு இத்தாலியில் ‘ஃபைவ் பிராண்டட் விமன்’ படத்துக்காகத் தலையை மழித்திருந்தார். அடுத்தடுத்து வேலை இருந்தவருக்குத்தான் இந்தப் பிரச்சினை வரும்.

ஜான் ஃபோர்டின் இரண்டு படங்களையும் விட்டுவிடாதீர்கள். ‘தி சர்ச்சர்ஸ்’ 1956-ல் வந்தது. லாரி என்ற பக்கத்துப் பண்ணைப் பெண், வருடக்கணக்கில் காணாமல் போன ஒரு சிறுமியைத் தேடி அலையும் காதலனுக்காகக் காத்திருப்பவள். படத்தின் நடுவில் பெரிய ஒரு பகுதி அவன் எழுதிய கடிதத்தை அவள் வீட்டில் எல்லார் முன்னாலும் படிப்பதாகத்தான் சொல்லப்படுகிறது, கடிதத்தில் வேறொரு பெண்ணைப் பற்றி வரும்போது அவர் குரல் மாறுவதைக் கவனியுங்கள், பார்க்க வேடிக்கையாக இருக்கும். அதே லாரி பிற்பாடு, கல்யாண உடையில் நின்றுகொண்டு, கொமாஞ்சி என்ற அமெரிக்கப் பூர்வகுடிகளிடம் வளர்ந்த அந்தப் பெண்ணைச் சுட்டுக் கொன்றால்கூடத் தப்பில்லை, அவளைப் பெற்றவளே அதைத்தான் விரும்பியிருப்பாள் என்கிற பொருளில் பேசுகிறாள். வெள்ளை உடையில், அழகான முகத்தோடு, வீட்டுப் பெண்ணின் வாயிலிருந்து அந்த இனவெறி வருகிறது. கதாநாயகனான ஜான் வெய்ன் பாத்திரத்தின் வெறுப்பு அவர் ஒருவருடையது மட்டும் அல்ல, அந்த ஊரே அப்படித்தான் என்பது இந்த இடத்தில்தான் பார்க்கிறவருக்கு உறைக்கிறது. வெரா அதை வில்லியாகப் பேசவில்லை, சந்தேகமே இல்லாத குரலில் பேசுகிறார். எனக்கு இன்றைக்கும் அந்தக் காட்சி வந்தால் வயிற்றைப் பிசையும்.

‘தி மேன் ஹூ ஷாட் லிபர்ட்டி வேலன்ஸ்’ 1962. எழுதப் படிக்கத் தெரியாத, உணவகத்தில் வேலை பார்க்கும் பெண்ணாகவும், பல வருடம் கழித்து செனட்டரின் வயதான மனைவியாகவும் ஒரே படத்தில். ஜேம்ஸ் ஸ்டீவர்ட் பேசிக்கொண்டே இருப்பார், வெய்ன் அதிரடியாக வருவார், இவருக்கு முதல் பகுதியில் வசனமே சொற்பம். எரிந்துபோன ஒரு வீட்டைப் போய்ப் பார்த்துவிட்டு, அங்கே பூத்திருந்த கள்ளிப்பூவைக் கொண்டுவந்து வெய்ன் பாத்திரத்தின் சவப்பெட்டி மேல் வைக்கிறார். யாரைக் காதலித்தாள், யாரைக் கல்யாணம் செய்தாள் என்ற முழுக்கதையும் அந்தப் பூவில் இருக்கிறது. கடைசியில் ரயிலில் அந்தப் பூவை யார் வைத்தது என்று கணவர் கேட்க, நான்தான் என்று சொல்லும் இடத்தை மட்டும் நான்கைந்து முறை பாருங்கள்.

டிஸ்னி படங்களை ஒரு பத்தியில் கடந்துவிடலாம். 1960, 70களில் ‘தோஸ் காலோவேஸ்’, ‘ஃபாலோ மீ, பாய்ஸ்!’ என்று பல படங்களில் நல்ல அம்மாவாக, நல்ல மனைவியாக நடித்தார். தொழில் சுத்தமான வேலை, ஆனால் அவரிடம் இருந்ததில் பாதியைக்கூடக் கேட்காத வேடங்கள்.

அதே சமயம் டிவி என்ன கொடுத்தது பாருங்கள். 1973-ல் ‘கொலம்போ’ தொடரில் ‘லவ்லி பட் லீத்தல்’ என்ற கதை. விவேகா ஸ்காட், அழகுசாதன நிறுவனத்தின் அதிபர், முகச்சுருக்கத்தைப் போக்கும் ஒரு களிம்புக்காகக் கொலை செய்கிறவள். எதிரே பீட்டர் ஃபால்க், பக்கத்தில் இளம் மார்ட்டின் ஷீன், போட்டி நிறுவனத்தின் முதலாளியாக வின்சென்ட் பிரைஸ். வெராவுக்கு அப்போது வயது 44. அந்த வயதில் டிஸ்னி அவரைப் பண்ணை வீட்டில் உட்கார வைத்திருந்தபோது, டிவி ஒரு சாம்ராஜ்யத்தின் தலைவியாக்கி, பேராசையும் தனிமையும் சேர்ந்த ஒரு கொலைகாரியாக்கியது. வயதாவதற்குப் பயப்படும் பெண்களிடம் களிம்பு விற்கும் பெண்ணாக, வயதானதால் சினிமாவில் வேடம் சுருங்கிய நடிகையே நடிக்கிறார் என்பதைப் பற்றி நிச்சயம் எழுதுங்கள். கெஸ்ட் ரோல்தான் என்று தள்ளிவிட முடியாததற்கு இதைவிட நல்ல சாட்சி உங்களுக்குக் கிடைக்காது. பத்து வருடம் கழித்து வந்த ‘சைக்கோ 2’ சுமாரான படம்தான் என்றாலும், அதில் பழைய லைலா பழிவாங்கத் துடிக்கும் கடுமையான பெண்ணாக மாறியிருப்பதைப் பார்க்க வேண்டும், அந்தக் கடுமையில் விவேகா ஸ்காட்டின் சாயல் இருக்கிறது.

பணத்தைப் பற்றியும் எழுதுங்கள், நம் மாணவர்கள் இதைத் தொடுவதே இல்லை. 1960 மார்ச்சில் அமெரிக்கத் திரை நடிகர் சங்கம் வேலைநிறுத்தம் செய்தது. படங்கள் டிவியில் மறு ஒளிபரப்பாகும்போது நடிகர்களுக்கும் பங்கு வேண்டும் என்பது கோரிக்கை. கடைசியில் வந்த சமரசத்தில் 1960 ஜனவரி 31-க்குப் பிறகு படப்பிடிப்பு தொடங்கிய படங்களுக்குத்தான் பங்கு, அதற்கு முந்தையவற்றுக்குப் பதிலாக ஓய்வூதிய, மருத்துவ நிதிக்கு ஒரு தொகை என்று முடிந்தது. ‘சர்ச்சர்ஸ்’, ‘ராங் மேன்’ எல்லாம் பங்கு கிடைக்காத பக்கம், 1959 நவம்பரில் படப்பிடிப்பு தொடங்கிய ‘சைக்கோ’வும் சில மாத வித்தியாசத்தில் அதே பக்கம். டிவி தொடர்களுக்கும் அன்று குறிப்பிட்ட சில மறு ஒளிபரப்புகளுக்குத்தான் பணம், எத்தனை முறை ஓடினாலும் உண்டு என்ற விதி 1974-ல்தான் வந்தது. இன்றைக்கும் உலகம் முழுக்க ஓடிக்கொண்டிருக்கும் வேலையைச் செய்த ஒரு தலைமுறை நடிகர்களுக்கு அடுத்த வாரம் அடுத்த தொடருக்குப் போக வேண்டிய கட்டாயம் ஏன் இருந்தது என்பது இந்தக் கணக்கைப் பார்த்தால் புரியும்.

உங்கள் ஆசிரியரிடம் பேசும்போது சண்டை போடாதீர்கள். அவர் சொல்வது அந்தக் காலத்துப் பாடப்புத்தகப் பார்வை, நானும் அப்படித்தான் படித்து வந்தேன். தலைப்பை மட்டும் கொஞ்சம் கூர்மையாக்கிக் கொடுங்கள்: வெரா மைல்ஸின் வாழ்க்கை வரலாறு என்று பொதுவாக வைக்காமல், 1955 முதல் 1973 வரை அவர் டிவியிலும் சினிமாவிலும் செய்த வேடங்கள் என்று எல்லை போட்டுக்கொள்ளுங்கள். ‘ரிவெஞ்ச்’ ஆரம்பம், ‘கொலம்போ’ முடிவு. பார்க்க முடிந்ததை மட்டும் எழுதுங்கள், பத்துப் பன்னிரண்டு படைப்புகள் போதும். ஒவ்வொன்றுக்கும் வருடம், எத்தனை நிமிடம், கதையில் மாறுவது யார், கடைசியில் அவள் எங்கே நிற்கிறாள் என்று நான்கு கட்டம் போட்டு ஒரு அட்டவணை வைத்துக்கொண்டாலே உங்கள் வாதம் தன்னால் எழுந்து வரும். ‘துணை நடிகை’ என்ற சொல்லை எங்கேயும் போடாதீர்கள். ஹாலிவுட் நடைபாதையில் வைன் தெருவில் அவர் பெயர் பதித்த நட்சத்திரம் இருக்கிறது, அதில் பொறித்திருப்பது சினிமாக் கேமரா சின்னம் இல்லை, தொலைக்காட்சிப் பெட்டி. அதன் படத்தை முதல் பக்கத்தில் வைத்து ஆசிரியரிடம் காட்டுங்கள்.

1995 வரை நடித்துவிட்டு அவர் ஒதுங்கிக்கொண்டார். தன்னைப் பற்றி அதிகம் பேசாதவர் என்பதால் பேட்டிகளைத் தேடிக்கொண்டு நேரம் போக்க வேண்டாம், உங்களுக்கு வேண்டியதெல்லாம் திரையில் இருக்கிறது. இன்றைக்கு ராத்திரியே ‘மிரர் இமேஜ்’ பாருங்கள், அரைமணி நேரம்கூட ஆகாது. பஸ் எப்போது வரும் என்று கேட்கப் போனவளிடம் கவுண்டர்காரர், இப்போதுதானே கேட்டாய் என்று எரிந்து விழுவார். கேட்கவே இல்லையே என்று அவளுக்குத் தெரியும், ஆனால் அந்த ஆளின் கோபம் நிஜம். அந்த நேரத்தில் வெராவின் முகத்தில் என்னென்ன நடக்கிறது என்று ஒரு பக்கம் எழுதி எனக்கு அனுப்புங்கள், அதையே முதல் அத்தியாயத்தின் தொடக்கமாக வைத்துக்கொள்ளலாமா என்று சேர்ந்து பார்ப்போம்.